துடைக்கப்பட்ட கோடு: ஸ்டோக் தொழிற்சாலை மரபிலிருந்து ஒரு பீங்கான் படைப்பு செய்ய முழுமையான வழிகாட்டி

பீங்கான் தேநீர்க் கெண்டி ஒன்றை எடுத்து, அதன் மூக்குக்கு அடியில் விரலை ஓட்டிப் பாருங்கள். ஒன்றும் தட்டுப்படாது. ஆனால் அங்கே ஒரு கோடு இருந்தது. அச்சின் இரண்டு பாதிகள் சந்தித்த இடம் அது. தொழிற்சாலையில் யாரோ ஒருவர், பெரும்பாலும் ஒரு பெண், சிறு கத்தியால் சீவி, ஈரப் பஞ்சால் துடைத்து அதை இல்லாமல் ஆக்கிவிட்டார். கெண்டியின் அடியில் நிறுவனத்தின் முத்திரை இருக்கிறது. துடைத்தவரின் பெயர் எங்கும் இல்லை.

இங்கிலாந்தின் ஸ்டோக்-ஆன்-ட்ரெண்ட் நகரத்துத் தொழிற்சாலை மரபை எடுத்துக்கொண்டு இன்று வேலை செய்யும் கலைஞர்கள் பலரும் இந்தத் துடைக்கப்பட்ட கோட்டைத்தான் சுற்றி வருகிறார்கள் என்பது என் எண்ணம். அவர்கள் வழியில் நீங்களும் ஒரு படைப்பைச் செய்து முடிப்பதற்கான வழிகாட்டி இது. சக்கரத்தில் வனையத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. பிளாஸ்டர், மண்குழம்பு, சிறிய மின்சூளை ஆகியவை வேண்டும். அவற்றைவிட அதிகமாகப் பொறுமை வேண்டும்.

முதல் படி: மரபைப் படியுங்கள், பொருளிலிருந்து

டன்ஸ்டால், பர்ஸ்லம், ஹான்லி, ஸ்டோக், ஃபென்டன், லாங்டன் என்ற ஆறு ஊர்கள் 1910இல் ஒன்றாக இணைக்கப்பட்டன. 1925இல் அது மாநகரம் ஆனது. அடியில் நிலக்கரியும் செம்மண் களியும் இருந்ததால் குயவர்கள் இங்கே கூடினார்கள். வெள்ளைப் பாண்டத்துக்கு வேண்டிய மண் மட்டும் உள்ளூரில் இல்லை. கார்ன்வாலிலிருந்து சீனக்களியும், டெவன், டார்செட் பக்கத்திலிருந்து பந்துக்களியும் வந்தன. 1777இல் ட்ரெண்ட்-மெர்ஸி கால்வாய் திறந்த பிறகு போகும் சரக்கும் வரும் மண்ணும் படகில் ஏறின. குதிரை முதுகில் குலுங்கிப் போனால் பாதிப் பாண்டம் வழியிலேயே சில்லாகிவிடும் என்பதை நினைத்தால், அங்கே பெரிய மட்பாண்டத் தொழிற்சாலை நடத்திய ஜோசையா வெட்ஜ்வுட் அந்தக் கால்வாய்க்காக ஏன் அவ்வளவு முனைந்தார் என்பது புரியும்.

அந்த வெட்ஜ்வுட்தான் வேலையைத் துண்டு துண்டாகப் பிரித்து, ஒவ்வொரு துண்டையும் ஒவ்வொரு கையிடம் கொடுத்தவர். தவறே செய்ய முடியாத இயந்திரங்களாகத் தம் ஆட்களை ஆக்க வேண்டும் என்று 1769இல் ஒரு கடிதத்தில் எழுதினார். நீங்கள் செய்யப்போகும் படைப்பு அந்த வாக்கியத்துக்கு ஒரு பதில் என்று வைத்துக்கொள்ளலாம்.

நேரில் போக முடிந்தால் இரண்டு இடங்களைத் தவற விடாதீர்கள். லாங்டனில் உள்ள கிளாட்ஸ்டன் மட்பாண்ட அருங்காட்சியகத்தில் பாட்டில் வடிவச் சூளைகளுக்குள்ளேயே நடந்து பார்க்கலாம். பர்ஸ்லத்தில் கால்வாய்க் கரையில் நிற்கும் மிடில்போர்ட் தொழிற்சாலையில், செம்புத் தகட்டிலிருந்து மெல்லிய தாளுக்கும் தாளிலிருந்து பாண்டத்துக்கும் படத்தை மாற்றும் முறை இன்னும் உயிரோடு இருக்கிறது. ஒரு காலத்தில் 2000க்கும் மேற்பட்ட பாட்டில் சூளைகள் புகைந்த நகரம் அது. 1956இன் தூய காற்றுச் சட்டம் நிலக்கரிச் சூளைகளுக்கு முடிவு கட்டியது. இன்று நிற்பவை ஐம்பதுக்கும் குறைவு.

போக முடியாதவர்கள் வருத்தப்பட வேண்டாம். பழைய அச்சுப்படத் தட்டு ஒன்று கிடைத்தால் போதும். விளிம்பு அலங்காரத்தை வட்டமாகப் பின்தொடர்ந்து பாருங்கள். எங்கோ ஓரிடத்தில் பூ பாதியில் அறுந்து, அடுத்த பூவோடு கோணலாக ஒட்டியிருக்கும். தாளின் இரண்டு முனைகளும் சந்தித்த இடம் அது. அந்தத் தாளை ஒட்டியவரின் கையெழுத்து என்றே அதைச் சொல்வேன்.

இரண்டாம் படி: மற்றவர்கள் என்ன செய்தார்கள் என்று பாருங்கள்

மூன்று பேரை மட்டும் சொல்கிறேன். நீல் பிரவுன்ஸ்வேர்ட் ஸ்டோக்கில் பிறந்தவர். பள்ளி முடித்த வயதிலேயே வெட்ஜ்வுட் தொழிற்சாலையில் மாதிரி செய்யும் வேலையைப் பயின்றவர். தொழிற்சாலைக் கழிவுகளான சூளைத் தாங்கிகள், சீவி எறிந்த மண் சுருள்கள், உருகி ஒட்டிப்போன உடைசல்கள் ஆகியவற்றையே அவர் சிற்பமாக்குகிறார். 2008இல் ஸ்டோக்கின் பழைய பீங்கான் நிறுவனமான ஸ்போட் நொடித்து அதன் பழைய தொழிற்சாலை வெறிச்சோடியபோது, நார்வேயின் பெர்கன் கலைக் கல்லூரியோடு சேர்ந்து 2012இல் அந்த இடத்திலேயே ஒரு நீண்ட ஆய்வுத் திட்டத்தைத் தொடங்கினார். பீங்கான் பூ செய்வதில் கைதேர்ந்த ரீட்டா ஃப்ளாய்டை அவர் பார்வையாளர்கள் முன் உட்கார வைத்த படைப்பு ஒன்று உண்டு. ரீட்டா இதழ் இதழாகப் பூவைச் செய்வார். செய்து முடித்ததும் அதைப் போட்டுவிடுவார். பூக்கள் குவியலாகும், எதுவும் விற்பனைக்குப் போகாது. பார்ப்பவர்களின் கண் பூவை விட்டு விரல்களுக்குப் போகும்.

கிளேர் டூமி வேறு விதம். 2006இல் வெட்ஜ்வுட்டின் ஜாஸ்பர் என்ற நீலப் பாண்ட மண்ணில் 4000 சிறு பறவைகளைச் செய்யவைத்து, லண்டன் விக்டோரியா ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் பரப்பினார். வந்தவர்கள் ஆளுக்கொன்றாக எடுத்துப் போனார்கள். இன்னொரு படைப்பில் 80 பெரிய சீன ஜாடிகள். 79 ஜாடிகளுக்குச் சீனாவில் ஒட்டுப்படம். மீதி ஒன்றுக்கு மட்டும் இங்கிலாந்தின் ராயல் கிரவுன் டெர்பி தொழிற்சாலையில் கையால் தங்க வேலை. அந்த ஒன்றுக்கு ஆன நேரம், மற்ற 79க்கும் சேர்த்து ஆன நேரத்தைவிட அதிகம். பால் ஸ்காட், பழைய நீல வெள்ளைத் தட்டுகளின் அழகான கிராமக் காட்சிக்குள் அணு மின்நிலையத்தையும் காற்றாலையையும் நுழைத்துவிடுபவர். தூரத்திலிருந்து பார்த்தால் பாட்டி வீட்டுத் தட்டு, அருகே போனால் இன்றைய செய்தி.

இவர்களை நகலெடுக்கச் சொல்லவில்லை. கழிவு, எண்ணிக்கை, படம் என்று மூன்று வாசல்கள் இருக்கின்றன. உங்களுடையது எது என்று மண்ணைத் தொடுவதற்கு முன்பே முடிவு செய்யுங்கள். கீழே வரும் படிகள் முதல் வாசலுக்காக எழுதியவை, ஏனென்றால் அதுதான் எனக்குப் பிடித்தது.

மூன்றாம் படி: மாதிரி

தொடங்குவதற்குத் தொழிற்சாலைப் பாண்டத்தின் ஒரு துண்டைத் தேர்ந்தெடுங்கள். முழுக் கெண்டி வேண்டாம். உடைந்த கைப்பிடி, மூக்கு, மூடியின் குமிழ், தட்டின் ஓட்டாஞ்சில்லு, இவற்றில் ஏதாவது ஒன்று. ஸ்டோக்கில் தோட்டத்தைக் கிளறினாலே சில்லு கிடைக்கும், தரையடியில் அவ்வளவு உடைசல் கிடக்கிறது. நிலத்துக்காரரிடம் கேட்காமலும் பாதுகாக்கப்பட்ட இடங்களிலிருந்தும் எடுக்காதீர்கள். பழைய சில்லின் கிளேஸில், அதாவது மேலே உள்ள கண்ணாடிப் பூச்சில், ஈயம் இருக்கலாம் என்பதால் அதைத் தேய்ப்பதும் பொடிப்பதும் கூடவே கூடாது.

அந்தத் துண்டைப் பார்த்து, களிமண்ணிலோ பிளாஸ்டரிலோ அதன் மாதிரியைப் பெரிதாகச் செய்யுங்கள். மண் காய்ந்தும் வெந்தும் சுருங்கும் என்பதால் அளவைக் கணக்கிட்டே தொடங்க வேண்டும். உங்கள் மண் 8 சதவீதம் சுருங்கும் என்றால், முடிவில் 100 மி.மீ. வேண்டியதை 0.92ஆல் வகுத்து, மாதிரியைச் சுமார் 109 மி.மீ. வைக்க வேண்டும். எட்டு சதவீதம் கூட்டினால் போதும் என்று 108 வைப்பவர்கள் உண்டு. சிறிய பொருளில் அது தெரியாது. மூடியும் வாயும் பொருந்த வேண்டிய இடத்தில் தெரிந்துவிடும்.

உட்குழிவு இருக்கிறதா என்று மாதிரியைச் சுற்றிச் சுற்றிப் பாருங்கள். அச்சு நேராக வெளியே வர முடியாமல் மாட்டிக்கொள்ளும் இடத்தில்தான் அச்சைப் பிரிக்கும் கோடு போக வேண்டும். பென்சிலால் அந்தக் கோட்டை வரையுங்கள். தொழிற்சாலையில் இந்தக் கோட்டைக் கண்ணில் படாத ஓரத்துக்குத் தள்ளுவார்கள். அச்சு மாட்டிக்கொள்ளாத வரை, நீங்கள் அதை எங்கே தெரிய வேண்டும் என்று நினைக்கிறீர்களோ அங்கே வையுங்கள். படைப்பின் முதல் கலை முடிவு இதுதான்.

நான்காம் படி: அச்சு

மாதிரியைக் கோடு வரை களிமண்ணில் புதைத்து, சுற்றிப் பலகை அடைத்து, இடுக்குகளை மண்ணால் பூசுங்கள். சுற்றிலும் குறைந்தது 4 செ.மீ. கனத்துக்குப் பிளாஸ்டர் நிற்க இடம் விடுங்கள். மாதிரி பிளாஸ்டரில் செய்ததென்றால் மென்சோப்பை மூன்று முறை தடவித் துடைக்க வேண்டும், இல்லையென்றால் இரண்டும் ஒன்றாகி, சுத்தியல்தான் பிரிக்கும். ஈரக் களிமண் மாதிரிக்கு அந்தக் கவலை இல்லை.

1 லிட்டர் தண்ணீருக்குச் சுமார் 1.4 கிலோ பிளாஸ்டர். இது ஏறக்குறைய ஒன்றரை லிட்டர் கலவை தரும். தண்ணீரில்தான் பிளாஸ்டரைத் தூவ வேண்டும், மாறிச் செய்யக்கூடாது. இரண்டு நிமிடம் ஊற விட்டு, கையை அடியில் வைத்தபடியே குமிழி வராமல் கலக்குங்கள். பாலாடைப் பதம் வந்ததும் ஓரத்திலிருந்து மெதுவாக ஊற்றுங்கள். இறுகும்போது சூடாகும், சூடு தணிந்ததும் திருப்பலாம். களிமண்ணை எடுத்துவிட்டு, பிளாஸ்டர் முகத்தில் நாணயத்தால் சுழற்றி மூன்று குழிகள் போடுங்கள். இரண்டாம் பாதியில் அவை மேடுகளாகி, இரண்டையும் பிசகாமல் பூட்டும். முகத்துக்கு நன்றாகச் சோப்புத் தடவிய பிறகே இரண்டாம் பாதியை ஊற்ற வேண்டும். மண்குழம்பு ஊற்றும் வாயை மறந்துவிடாதீர்கள். நான் முதலில் செய்த அச்சில் வாயே இல்லை, அழகான இரண்டு பாதிகளும் ஒரு வருடம் கதவுக்கு முட்டுக்கொடுக்கத்தான் உதவின.

மிச்சப் பிளாஸ்டரைக் கழுவுத்தொட்டியில் ஊற்றினால் குழாய் கல்லாகிவிடும். அச்சைக் காற்றோட்டத்தில் ஒரு வாரம் காய விடுங்கள். 45 டிகிரிக்கு மேல் சூடு காட்டினால் பிளாஸ்டரின் வலு போய்விடும்.

ஐந்தாம் படி: மண்குழம்பு

தொழிற்சாலை மரபின் அறிவியல் முழுக்க இந்த வாளிக்குள் இருக்கிறது, அதனால் இங்கே கொஞ்சம் நிற்போம்.

களிமண்ணில் தண்ணீரை ஊற்றிக் கரைத்தாலே குழம்பு வரும்தானே என்று தோன்றும். வரும். ஆனால் அவ்வளவு தண்ணீரையும் அச்சு குடித்துவிட்டு நனைந்துபோகும், பாண்டமும் சுருங்கி வெடிக்கும். எனவே தண்ணீரைக் கூட்டாமல் மண்ணை ஓட வைக்க வேண்டும். அதற்குச் சோடியம் சிலிக்கேட் சேர்ப்பார்கள். ஒன்றோடொன்று ஒட்டிக் கிடக்கும் களித் துகள்கள் அது பட்டதும் ஒன்றையொன்று தள்ளத் தொடங்கும். கெட்டி மண் சட்டென்று பால்போல ஓடும். முதல்முறை பார்ப்பவர்களுக்கு இது கண்கட்டு வித்தையாகவே இருக்கும்.

நல்ல குழம்பு 1 லிட்டர் எடுத்து நிறுத்தால் ஏறக்குறைய 1800 கிராம் இருக்கும். அதில் உலர்ந்த மண் சுமார் 1300 கிராம், தண்ணீர் வெறும் 500. சோடியம் சிலிக்கேட் உலர்ந்த மண்ணின் எடையில் 0.2 முதல் 0.5 சதவீதம், அதாவது இந்த 1300 கிராமுக்கு நான்கு கிராம் அளவில் தொடங்கலாம். கூடினால் இன்னும் நன்றாக ஓடும் என்று நினைக்காதீர்கள். ஓர் எல்லைக்கு மேல் குழம்பு மறுபடி கெட்டியாகும், வார்த்த சுவர் அச்சில் ஒட்டிப் பிடிக்கும், அதன் மேலே ஊசித் துளைகள் விழும். முதல் இரண்டு மூன்று படைப்புகளுக்குக் கடையில் கிடைக்கும் தயார் வார்ப்புக் குழம்பையே வாங்கிக்கொள்ளுங்கள், அதில் வெட்கப்பட ஒன்றுமில்லை. வெண்மண் பாண்டக் குழம்பு போதும். எலும்புச் சாம்பல் பாதியும், சீனக்களி கால்பங்கும், சீனக்கல் கால்பங்கும் சேர்ந்த எலும்புப் பீங்கான் மிக அழகானது, ஆனால் சூளையில் களைத்துப்போய்ச் சரிந்து விழும். அதை இரண்டாம் வருடத்துக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

குழம்பை முந்தின நாளே கலக்கி, வடிகட்டி, மூடி வையுங்கள். காற்றுக் குமிழி அடங்கட்டும்.

ஆறாம் படி: வார்ப்பும், கத்தியை எடுக்கும் முன் ஒரு யோசனையும்

அச்சை ரப்பர் பட்டையால் இறுக்கிக் கட்டி, வாயில் குழம்பை நிறுத்தாமல் ஒரே ஒழுக்காக ஊற்றுங்கள். நடுவில் நிறுத்தினால் அந்த இடத்தில் வளையம் விழும். பிளாஸ்டர் தண்ணீரை உறிஞ்ச உறிஞ்ச மட்டம் இறங்கும், மேலும் ஊற்றுங்கள். பத்து நிமிடம் கழித்து வாயின் ஓரத்தைக் கத்தியால் சீவிப் பார்த்தால் சுவரின் கனம் தெரியும். மூன்று மி.மீ. வந்ததும் மீதியைத் திரும்ப வாளியில் கவிழ்த்து, அச்சைச் சாய்வாக நிறுத்தி வடிய விடுங்கள். உள்ளே மினுமினுப்பு மங்கிய பிறகு, ஒன்றிரண்டு மணி நேரத்தில், ஓரம் அச்சிலிருந்து விலகத் தொடங்கும். அப்போது அச்சைத் திறவுங்கள்.

உங்கள் முன்னால் இருப்பது தொழிற்சாலைக்கு வெளியே யாரும் பார்க்காத பொருள். பக்கவாட்டில் மெல்லிய மண் விளிம்பு துருத்திக்கொண்டிருக்கிறது. வாயில் தொப்பிபோல மிச்ச மண் நிற்கிறது. உள்ளே வடிந்த குழம்பு ஒரு கண்ணீர்த் துளியாக உறைந்திருக்கிறது. தொழிற்சாலை இதையெல்லாம் அடுத்த ஐந்து நிமிடத்தில் சீவிவிடும்.

நீங்கள் கத்தியைக் கீழே வையுங்கள். ஒரே அச்சில் குறைந்தது பத்துத் துண்டுகள் வார்க்கச் சொல்வேன். முதலாவதை எதையும் தொடாமல் காய விடுங்கள். இரண்டாவதில் விளிம்பை மட்டும் சீவுங்கள், சீவிய சுருளைத் தனியே ஒரு தட்டில் சேர்த்து வையுங்கள். மூன்றாவதைத் தொழிற்சாலைத் தரத்துக்கு முழுதாகத் துடைத்து முடியுங்கள், அதற்கு எவ்வளவு நேரம் ஆனது என்று கடிகாரம் பார்த்து எழுதி வையுங்கள். அந்த எண்ணும் படைப்பில் ஒரு பொருள்தான். மற்றவற்றில் விளையாடலாம். ஈரமாக இருக்கும்போதே இரண்டை ஒட்டலாம், விளிம்பை நீட்டலாம், ஒன்றைக் கையில் பிடித்து நசுக்கி ஐந்து விரலும் பதிய விடலாம். ஐம்பது வார்ப்புக்கு மேல் போகும் துணிவு உள்ளவர்கள் இன்னொன்றையும் காண்பார்கள். பிளாஸ்டர் தேய்ந்து, கூர்மை மழுங்கி, அச்சே மெதுவாக நினைவிழந்துகொண்டிருக்கும்.

பலருக்குப் பழைய சில்லையே ஈர மண்ணுக்குள் பதிக்க ஆசை வரும். சுட்ட மண்ணும் பச்சை மண்ணும் ஒட்டாது என்ற பழமொழி இங்கே அப்பட்டமான தொழில்நுட்பம். பச்சை மண் சுருங்கும், சுட்டது சுருங்காது, விரிசல் நிச்சயம். விரிசல் வேண்டுமென்றே செய்கிறீர்கள் என்றால் சரி. வேண்டாம் என்றால் இரண்டையும் தனித்தனியே சுட்டு, கடைசிச் சூட்டில் கிளேஸால் ஒட்ட வையுங்கள்.

காய்ந்த துண்டை உப்புத்தாளால் தேய்க்காதீர்கள். சிலிக்காத் தூசு நுரையீரலில் இறங்கினால் திரும்பி வராது. அந்த நகரத்தில் அதற்குக் குயவர் நோய் என்றே பெயர் இருந்தது. ஈரப் பஞ்சால் மட்டும் துடையுங்கள், தரையைப் பெருக்காமல் ஈரத்துணியால் எடுங்கள், பொடி கலக்கும்போது தூசைத் தடுக்கும் தரமான முகக்கவசம் போடுங்கள்.

ஏழாம் படி: முதல் சூடு

கலைக்கூடங்களில் மட்பாண்டம் கற்றவர்கள் முதல் சூட்டைக் குறைவாகவும் கிளேஸ் சூட்டை அதிகமாகவும் வைப்பார்கள். வெண்மண் தொழிற்சாலைகள் தலைகீழ். பிஸ்கட் சூடு, அதாவது கிளேஸ் போடும் முன் சுடும் முதல் சூடு, 1100 முதல் 1140 டிகிரி, கிளேஸ் சூடு 1060 பக்கம். உடல் முதலிலேயே நன்றாக வெந்துவிடுவதால், பின்னாளில் கிளேஸில் மயிரிழை வெடிப்புகள் விழுவது குறைகிறது. 600 டிகிரி வரை மணிக்கு 100 டிகிரிக்கு மேல் ஏற்ற வேண்டாம், 573இல் குவார்ட்ஸ் திடீரென்று விரியும். ஆறும்போதும் அதே இடத்தில் அதே கவனம். இன்று சூளைக்கட்டுப்பாட்டுக் கருவி எல்லாம் பார்த்துக்கொள்கிறது. அந்தக் காலத்தில் பாண்டங்களைச் சாகர் என்ற சுடுமண் பெட்டிகளில் அடுக்கி, வாசலைச் செங்கல்லால் அடைத்து, இரண்டு மூன்று நாள் நிலக்கரி போட்டார்கள். தீயாளர் ஒருவரின் கண்ணை நம்பித்தான் ஒரு சூளையின் சரக்கே இருந்தது.

எட்டாம் படி: தாளிலிருந்து படம்

விருப்பப்படியானது, ஆனால் விட்டுவிட்டால் மரபின் பாதி போய்விடும். 1756இல் லிவர்பூலில் ஜான் சாட்லரும் கை கிரீனும் ஆறு மணி நேரத்தில் 1200க்கும் மேற்பட்ட ஓடுகளில் படம் அச்சிட்டதாக உறுதிமொழி கொடுத்தார்கள். 1784இல் ஜோசையா ஸ்போட் கிளேஸுக்கு அடியில் நீலப்படம் அச்சிடுவதைத் தேர்ச்சி பெறச் செய்தார். கோபால்ட் நீலம் அந்தச் சூட்டைத் தாங்கியதால்தான் உலகமெங்கும் நீல வெள்ளைத் தட்டு பரவியது.

செம்புத் தகடு இல்லாதவர்கள் லினோலியத்தில் செதுக்கலாம். கிளேஸுக்கு அடியில் இடும் நிறப்பொடியைக் கெட்டி ஆளிவிதை எண்ணெயில் அரைத்து மையாக்கிக்கொள்ளுங்கள். மெல்லிய தாளுக்குச் சோப்பு நீர் தடவி, அதில் அச்சிட்டு, ஈரம் போகும் முன்பே பிஸ்கட் பாண்டத்தில் மைப்பக்கம் படுமாறு ஒட்டி, கரண்டியின் முதுகால் அழுத்தித் தேயுங்கள். பிறகு தண்ணீரில் நனைத்தால் தாள் கழன்று வரும், எண்ணெய் மை நிற்கும். எழுத்து செதுக்குகிறவர்களுக்கு ஒரு எச்சரிக்கை: வழக்கமான அச்சில் எழுத்தைத் திருப்பிச் செதுக்க வேண்டும், இங்கே நேராகச் செதுக்க வேண்டும். தாளில் ஒருமுறை, பாண்டத்தில் ஒருமுறை என்று இருமுறை திரும்புகிறது. இதை மறந்தவர்களின் தட்டுகள் கண்ணாடியில் மட்டும் படிக்கக் கூடியவை.

கிளேஸ் போடும் முன் 700 டிகிரிக்குச் சுட்டு எண்ணெயை எரித்துவிடுங்கள். இல்லையென்றால் எண்ணெய் உள்ள இடத்தில் கிளேஸ் ஒட்டாது. தாள் முனைகள் கோணலாகச் சந்தித்தால் திருத்த வேண்டாம் என்று சொல்லத் தேவையில்லை என்று நினைக்கிறேன்.

ஒன்பதாம் படி: கிளேஸ்

ஈயமில்லாத, ஊடுருவித் தெரியும் கிளேஸ். நன்றாக வெந்த பிஸ்கட் குறைவாகவே உறிஞ்சும், ஆகவே கிளேஸைச் சற்றுக் கெட்டியாகவே வைத்து முக்குங்கள். அடியைத் துடைத்து, 1060 பக்கம் சுடுங்கள். சீவிய சுருள்களில் சிலவற்றுக்குக் கிளேஸ் போடாமல் விடுங்கள்.

பத்தாம் படி: வைக்கும் விதம்

பத்துத் துண்டுகளையும் வார்த்த வரிசையிலேயே ஒரு நீண்ட பலகையில் வையுங்கள். தொழிற்சாலைகளில் பச்சைப் பாண்டங்களை அப்படிப்பட்ட பலகையில் அடுக்கித் தோளில் சுமந்து போவார்கள். முழுமையாகத் துடைத்த மூன்றாவதை நடுவில் நிறுத்திப் பெருமைப்படுத்த வேண்டாம், அது தன் இடத்திலேயே இருக்கட்டும். சுருள்களை அதன் முன்னால் குவியுங்கள். குவியல் பாண்டத்தைவிடப் பெரிதாகத் தெரிந்தால் குறைக்காதீர்கள்.

கீழே ஒட்டும் சீட்டில் உங்கள் பெயரோடு நிறுத்தாதீர்கள். மாதிரி செய்தவர், அச்சு ஊற்றியவர், குழம்பு கலக்கியவர், துடைத்தவர், சூளை அடுக்கியவர் என்று வேலைவாரியாக எழுதுங்கள். எல்லாமே நீங்கள்தான் என்றால் அதே பெயரை ஐந்து முறை எழுதுங்கள். நீங்கள் எடுத்துத் தொடங்கிய பழைய துண்டைக் கடைசியில், வெளிச்சம் இல்லாத மூலையில் வையுங்கள். அதற்கான சீட்டில் எண்ணும் அளவும் மட்டும் எழுதி, பெயருக்கான வரியை வெறுமையாக விடுங்கள்.